ஹிந்தி காமிக்ஸ் பெட்டியைத் திறந்தவர்களுக்கு

கேள்வி: சின்ன வயதில் டெல்லியில் இருந்தோம். வாடகைக்கு எடுத்துப் படித்த காமிக்ஸில் சாச்சா சௌத்ரி, நாகராஜ் என்ற நாயகர்களின் கதைகள் மட்டும் ஞாபகம். இரண்டும் ஒரே கம்பெனியா?

பதில்: இல்லை. சாச்சா சௌத்ரி கார்ட்டூனிஸ்ட் பிராண் வரைந்தது. முதலில் 'லோட்போட்' பத்திரிகை, அப்புறம் டைமண்ட் காமிக்ஸ். நாகராஜ் 1986-இல் ராஜ் காமிக்ஸில் வந்தவன். மறுவருடமே அங்கே அனுபம் சின்ஹாவின் சூப்பர் கமாண்டோ துருவா வந்தான். சர்க்கஸில் வளர்ந்த பையன், அசாத்திய சக்தி எதுவும் கிடையாது. (விலங்குகளோடு பேசுவான், அதைக் கணக்கில் சேர்க்காதீர்கள்!) என் ஓட்டு அவனுக்குத்தான்.

கேள்வி: பழைய புத்தகம்தானே, ஸ்கேன் செய்து நெட்டில் போடலாமா?

பதில்: கடையில் கிடைக்கவில்லை என்பதால் உரிமை போய்விடாது. நம் சட்டப்படி படைத்தவர் இறந்த பிறகும் 60 ஆண்டு உண்டு. பிராண் மறைந்தது 2014-இல். அப்படியானால் அவர் வரைந்தவற்றுக்கு 2074 முடியும்வரை. உங்களுக்கென ஸ்கேன் எடுத்து வையுங்கள். பொதுவில் வைக்க இதழ்ப் பட்டியல் போதும். ஆராய்பவர்களுக்கு முதலில் வேண்டியதும் அந்தப் பட்டியல்தான்.

கேள்வி: விளம்பரப் பக்கங்களை விட்டுவிடலாமா?

பதில்: ஐயோ, வேண்டாம்! வெளியான ஆண்டைக்கூட அச்சிடாத ஹிந்தி காமிக்ஸ் ஏராளம். கடைசிப் பக்கத்தில் வரும் 'அடுத்த இதழ்' அறிவிப்பை வைத்துத்தான் எது முன்னால், எது பின்னால் என்று கோக்கிறோம். விலை, வாசகர் கடிதம், வாடகைக் கடையின் ரப்பர் ஸ்டாம்ப் எல்லாம் சாட்சி. கதையையாவது மறுபதிப்பில் பிடித்துவிடலாம், இவை திரும்ப வராது.

கேள்வி: ஸ்கேன் செய்யும்போது பின்பக்கப் படமும் தெரிகிறதே?

பதில்: தாளுக்குப் பின்னால் கறுப்புக் காகிதம் வையுங்கள். 300 டிபிஐக்கு (அங்குலத்துக்கு 300 புள்ளி) குறைய வேண்டாம். மஞ்சளை வெளுக்கும் பட்டனைத் தொடாதீர்கள், பழைய நிறமும் சேர்ந்து போய்விடும். துருப்பிடித்த ஸ்டேப்ளர் பின்னை இழுத்தால் தாள் கிழியும். அதன் மடங்கிய முனைகளை மெதுவாக நிமிர்த்துங்கள். கோப்புகளுக்கு 001, 002 என்று பெயரிட்டு, ஜிப் செய்து சிபிஇசட் (காமிக்ஸ் படிக்கும் செயலிகள் திறக்கும் கோப்பு) ஆக்கினால் சரி. வெறும் 1, 2 என்றால் சில செயலிகளில் 10-ஆம் பக்கம் 2-க்கு முன்னால் வந்து நிற்கும்.

கேள்வி: லேமினேட்?

பதில்: கூடாது. பிரிக்க முடியாது.

கேள்வி: ஸ்கேன் முடிந்ததும் புத்தகத்தைப் போட்டுவிடலாமா?

பதில்: நான் போட்டேன். நாற்பது இதழ்கள், எடைக்கு. அந்த ஹார்ட் டிஸ்க் மறுவருடம் செத்தது. இப்போது அதே இதழ்களை ஒவ்வொன்றாக விலை கொடுத்து வாங்கிக்கொண்டிருக்கிறேன், பதினொன்று வந்திருக்கிறது.