சலம் எரிந்தால் முதலில் போத்தல், பிறகு மாத்திரை
வாசகர் கேள்வி, மருத்துவர் பதில்

வெயில் ஏறத் தொடங்கியதும் சலக்கடுப்பு பற்றிய கடிதங்களும் கூடிவிட்டன. அதனால் இம்முறைப் பக்கம் முழுவதையும் அதற்கே ஒதுக்கியிருக்கிறோம்.

பங்குனி, சித்திரையில் எனக்குச் சலம் கடுக்கும். உடம்புச் சூடு என்று நன்னாரித் தண்ணீரும் இளநீரும் குடிப்பேன், இரண்டு நாளில் மாறிவிடும். இந்த முறை ஐந்து நாளாகியும் மாறவில்லை. இது சூடா, கிருமியா?
*34 வயது வாசகி, கோண்டாவில்*

இரண்டுமே உண்மையில் உள்ளவைதான். பிரித்து அறியவும் முடியும். வியர்வையாக நிறையத் தண்ணீர் போய்விட்டால், சிறுநீரகம் மிச்சத்தைப் பிடித்து வைத்துக்கொண்டு கொஞ்சமாக, கடுமையான சலத்தை அனுப்பும். பிளேன்ரீ நிறத்தில் போகும், போகும்போது எரியும். தண்ணீர் குடித்து நிறம் வெளுத்ததும் எரிவும் போய்விடும். அதுதான் உங்கள் வழமையான சூடு.

கிருமித் தொற்று அப்படி அடங்காது. சலம் வெளுத்த பிறகும் எரியும். போய்வந்து அரைமணி நேரத்தில் திரும்ப முட்டும், போனால் நாலு சொட்டுத்தான் வரும். அடிவயிறு அமுக்கும், இரவில் இரண்டு மூன்று முறை எழுப்பும். சலம் கலங்கலாக இருக்கும், சிலருக்கு இறைச்சி கழுவிய தண்ணீர் போல இளஞ்சிவப்பாகவும் போகும். ஒரு பகல் முழுக்க நன்றாகத் தண்ணீர் குடித்தும் எரிவு நிற்கவில்லையென்றால் சூடு என்று சொல்லிக்கொண்டிருக்காமல் சலத்தைப் பரிசோதிக்க வேண்டும். ஐந்து நாள் என்பது கூடிப்போன காத்திருப்பு.

கிருமி பெரும்பாலும் வெளியிலிருந்து வருவதில்லை. நம் குடலிலேயே இருக்கும் ஈ.கோலை, மலவாயிலிருந்து நகர்ந்து சலவழிக்குள் ஏறுகிறது. பத்தில் எட்டுத் தொற்றுக்குக் காரணம் அதுதான். பெண்களின் சலவழி ஏறத்தாழ 4 சென்ரிமீற்றர், ஆண்களுக்கு 20. பெண்களுக்குக் கூடுதலாக வருவதற்கு இந்த நீளமே முதற்காரணம், சுத்தக்குறைவு அல்ல. இதை வீட்டில் உள்ளவர்களும் விளங்கிக்கொள்ள வேண்டும். வெயிலுக்கும் இதில் பங்கு உண்டு: தண்ணீர் குறைந்தால் சலம் போவது குறையும், ஏறிய கிருமி கழுவுப்படாமல் சலப்பையில் தங்கிப் பெருகும். ஆக, சூடு என்று சொன்ன பெரியவர்கள் முழுக்கப் பிழையாகச் சொல்லவில்லை.

குளிர் நடுக்கத்தோடு காய்ச்சல், விலாவுக்குப் பின்னால் ஒரு பக்க நோவு, சத்தி, இவற்றில் ஒன்று சேர்ந்தாலும் தொற்று சிறுநீரகத்துக்கு ஏறியிருக்கலாம். அன்றைக்கே வைத்தியசாலைக்குப் போங்கள். நடக்க முடியாத நிலையென்றால் 1990 இலக்கத்துக்கு அழைத்தால் அம்புலன்ஸ் இலவசமாக வரும்.

சலப் பரிசோதனை ரிப்போட்டில் சீழ்க்கலம் 15–20, தோற்கலம் நிறைய என்று இருந்தது. கல்ச்சரில் (கிருமியை வளர்த்துப் பார்க்கும் பரிசோதனையில்) பல கிருமிகள் கலந்திருப்பதாகச் சொல்லித் திரும்ப எடுக்கச் சொன்னார்கள். ஆய்வுகூடத்தின் பிழையா?
*வாசகி, சுன்னாகம்*

அநேகமாக எடுத்த முறையில்தான் பிழை. தோற்கலம் நிறைய என்றால் வெளித்தோலில் பட்ட சலம் போத்தலுக்குள் போயிருக்கிறது. தோலில் இருக்கும் கிருமிகளும் கூடவே போயிருக்கும். எது நோய்க்கிருமி, எது வழியில் ஒட்டியது என்று ஆய்வுகூடத்தால் பிரிக்க முடியாது. இதை யாரும் ஆறுதலாகச் சொல்லிக்கொடுப்பதில்லை, போத்தலைக் கையில் கொடுத்து அனுப்பிவிடுகிறார்கள். அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறோம்.

கிருமி நீக்கிய, திருகுமூடிப் போத்தலை ஆய்வுகூடத்திலேயே வாங்குங்கள். கழுவிய ஜாம் போத்தலும் தயிர்க் கோப்பையும் உதவாது. கையைச் சவர்க்காரம் போட்டுக் கழுவுங்கள். கீழ்ப்பகுதியை வெறும் தண்ணீரால் முன்னிருந்து பின்னாகக் கழுவுங்கள், டெற்றோல் வேண்டாம். அதன் பிறகுதான் மூடியைத் திறக்க வேண்டும். உட்பக்கத்தில் விரல் படக்கூடாது, கீழே வைப்பதானால் உட்பக்கம் மேலே பார்க்க வையுங்கள். பெண்கள் ஒரு கை விரல்களால் மடிப்பை விரித்துப் பிடித்தபடியே போக வேண்டும். முதலில் வருவதைக் கழிப்பறைக்குள் விட்டுவிட்டு, நிறுத்தாமலே நடுவில் போத்தலை நீட்டி அரைவாசி நிரப்புங்கள். கடைசியில் வருவதும் கழிப்பறைக்கே.

இனி நேரம். இரண்டு மணித்தியாலத்துக்குள் கொடுக்க வேண்டும். முடியாவிட்டால் ஒரு பையில் கட்டி குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த்தட்டில் வையுங்கள், 24 மணித்தியாலம் தாங்கும். உறையவிடக்கூடாது. நெடுந்தீவிலிருந்து படகேறி வருபவர்கள் ஐஸ் போட்ட பெட்டியில் கொண்டுவருவது நல்லது. வாய்ப்பான சூட்டில் ஈ.கோலை ஏறத்தாழ 20 நிமிடத்துக்கு ஒருமுறை இரட்டிக்கும். ஒரு மில்லிலீற்றரில் ஒரு இலட்சத்துக்கு மேல் வளர்ந்தால் தொற்று என்பது வழக்கமான கணக்கு. பஸ்ஸில் மூன்று மணித்தியாலம் வெக்கையில் இருந்த போத்தலில் அந்த இலட்சம் தானாகவே வந்துவிடும்.

எல்லாவற்றுக்கும் மேலாக, முதல் மாத்திரை விழுங்குவதற்கு முன்னரே சலத்தை எடுத்துவிட வேண்டும். ஒரு குளிசை போட்டிருந்தாலும் சொல்லுங்கள், படிவத்தில் குறிப்பார்கள். மாதவிடாய் நாளென்றால் அதையும் சொல்லுங்கள். கல்ச்சர் முடிவு வர இரண்டு மூன்று நாள் செல்லும். மருந்துப் பெயர்களுக்கு நேரே 'எஸ்' என்றிருந்தால் அந்த மருந்து கேட்கும், 'ஆர்' என்றிருந்தால் கேட்காது.

போன வருடம் தந்த சிப்ரோஃப்ளொக்சசினில் நாலு குளிசை மிச்சம் இருந்தது. இந்த முறை எரிந்தபோது அதைப் போட்டேன். இரண்டு நாள் சுகம், பிறகு கூடிவிட்டது. பாமசியில் இன்னும் கொஞ்சம் வாங்கலாமா?
*வாசகி, மானிப்பாய்*

வேண்டாம். அன்ரிபயோட்டிக்கை வைத்தியரின் துண்டில்லாமல் விற்பது சட்டப்படியும் பிழை.

நாலு குளிசையில் நடந்தது இதுதான்: மருந்துக்குச் சுலபமாகச் சாகும் கிருமிகள் செத்தன, எரிவு குறைந்தது. தாங்கக்கூடியவை தப்பின, இடம் காலியானதால் அவை பெருகின. இப்போது சலப்பையில் இருப்பவை பெரும்பாலும் அந்த மருந்துக்கு அடங்காதவையாக இருக்கலாம். சிப்ரோ வகை மருந்துகள் சிறுநீரகத் தொற்று, ஆண்களின் புரஸ்ரேற் தொற்று போன்ற பெரிய வேலைகளுக்குத் தேவை. சாதாரண சலக்கடுப்புக்கு அவற்றைச் செலவழித்தால், உயிருக்குப் போராடும் ஒருவருக்கு வேண்டிய நேரத்தில் அவை கேட்காமல் போகும். தசைநாரைப் பாதிக்கும் பக்கவிளைவும் அவற்றுக்கு உண்டு.

காய்ச்சல் இல்லாத, கர்ப்பமில்லாத பெண்ணுக்குச் சலப்பைத் தொற்றென்றால் பெரும்பாலும் நைற்றோபியூரன்டொயின் எழுதுவார்கள்: மெதுவாகக் கரையும் 100 மில்லிகிராம் வகை நாளுக்கு இரண்டு, அல்லது 50 மில்லிகிராம் நாளுக்கு நாலு முறை, 5 நாள். சாப்பாட்டோடு போட்டால் வயிறு பிரட்டாது, மருந்தும் நன்றாகச் சேரும். சலம் கடும் மஞ்சளாக அல்லது மண்ணிறமாகப் போகும், பயப்பட வேண்டாம். மக்னீசியம் சேர்ந்த வாயுக் குளிசையைக் கூடவே போட்டால் மருந்து உடம்பில் சேராது. சிறுநீரகம் பலவீனமானவர்களுக்கு இந்த மருந்து பொருந்தாது. சிறுநீரகத்துக்கு ஏறிய தொற்றுக்கும் போதாது, ஏனென்றால் அது சலத்தில்தான் செறிகிறது, சதைக்குள் போதியளவு போவதில்லை. ஆண்களுக்கு நாட்கள் கூடும், குறைந்தது 7.

இரண்டாம் நாளே எரிவு நிற்கும். அதற்காக மூன்றாம் நாள் நிறுத்தக்கூடாது. 48 மணித்தியாலத்திலும் குறையாவிட்டால் மருந்து கேட்கவில்லை என்று எடுத்துக்கொண்டு திரும்பப் போங்கள். இப்போது நீங்கள் செய்ய வேண்டியது கல்ச்சருக்குக் கொடுப்பதுதான். நாலு குளிசை போட்ட கதையை மறைக்காமல் சொல்லுங்கள், யாரும் ஏசமாட்டார்கள்.

மகளுக்கு ஐந்தாம் மாதம். ஒரு வருத்தமும் இல்லை, ஆனால் சலத்தில் கிருமி வளர்ந்திருக்கிறதாம். பிள்ளைக்கு ஆகாதே என்று குளிசை போடப் பயப்படுகிறா.
*தாய், சாவகச்சேரி*

இங்கே குளிசை போடாமல் விடுவதுதான் பிள்ளைக்கு ஆகாதது. கர்ப்ப காலத்தில் சலக்குழாய்கள் தளர்ந்து சலம் தேங்கும். எரிவில்லாத கிருமியை விட்டுவைத்தால் நாலில் ஒருவருக்கு அளவில் சிறுநீரகத்துக்கு ஏறலாம். அந்தக் காய்ச்சல் குறைமாதப் பிரசவத்தையும் வரவழைக்கும். கர்ப்பிணிக்குப் பாதுகாப்பான மருந்துகள் இருக்கின்றன. மாதத்தைப் பார்த்துத்தான் தெரிவு செய்வார்கள்: நைற்றோபியூரன்டொயினைப் பிரசவம் நெருங்கும்போது தவிர்ப்பார்கள், ட்ரைமெதோப்ரிமை முதல் மூன்று மாதத்தில் தவிர்ப்பார்கள். மருந்து முடிந்து ஒரு வாரத்தில் திரும்பக் கல்ச்சர் செய்ய வேண்டும். கர்ப்பவதிக் கிளினிக்கில் சீனியும் புரதமும் பார்க்கும் பரிசோதனை வேறு, கிருமி வளர்ப்பது வேறு. ஒன்று செய்தாயிற்று என்று மற்றதை விட்டுவிடாதீர்கள்.

அப்பாவுக்கு 81, சலம் போகக் கதீற்றர் குழாய் போட்டபடி இருக்கிறார். சலம் மணக்கிறது. அன்ரிபயோட்டிக் கொடுக்கலாமா?
*மகன், பருத்தித்துறை*

மணத்துக்கு மட்டும் கொடுக்க வேண்டாம். கதீற்றர் சில வாரம் இருந்தாலே சலத்தில் கிருமி இருக்கும், பரிசோதித்தால் நிச்சயம் வளரும். காய்ச்சல், நடுக்கம், விலா நோவு, அடிவயிற்று நோவு இல்லாதவரைக்கும் அது நோய் அல்ல. பையை எப்போதும் சலப்பையின் மட்டத்துக்குக் கீழே தொங்கவிடுங்கள், கட்டிலில் கூடவே கிடத்தினால் சலம் திரும்ப ஓடும். நிலத்தில் படவிடாதீர்கள். மூன்றில் இரண்டு பங்கு நிரம்பியதும் அடியிலுள்ள குழாயைத் திறந்து வெறுமையாக்குங்கள். குழாயும் பையும் சேரும் பூட்டைக் கழற்றாதீர்கள், கிருமி புகும் வாசல் அது. காய்ச்சல் வந்து கல்ச்சர் செய்வதானால், பழைய கதீற்றரை மாற்றிவிட்டுப் புதியதிலிருந்துதான் சலம் எடுக்க வேண்டும்.

முதியவர் திடீரென்று ஆள் தெரியாமல் கதைக்கத் தொடங்கினால் சலத்தை மட்டும் குற்றம் சொல்லக்கூடாது. நீரிழப்பு, மலச்சிக்கல், உப்புக் குறைவு, புது மருந்து, நெஞ்சுச்சளி, எல்லாவற்றையும் பார்க்க வேண்டும். வைத்தியசாலைக்குக் கூட்டிச்செல்லுங்கள்.

சீனி வருத்தத்துக்கு எம்பாகிளிஃப்ளோசின் தொடங்கிய பிறகு முன்தோலில் கடியும் எரிவும்.
*58 வயது வாசகர், தெல்லிப்பழை*

அந்த மருந்து சீனியைச் சலத்தோடு வெளியேற்றுகிறது. சீனி படும் தோலில் பங்கசு வளர்கிறது. அது சலத்தொற்று அல்ல, பூசுமருந்தில் மாறும். ஒவ்வொரு முறையும் போனபின் தண்ணீரால் கழுவி, ஒற்றித் துடையுங்கள். மருந்தை நீங்களாக நிறுத்தாமல் கிளினிக்கில் காட்டுங்கள்.

ஏழு வயது மகள் பள்ளிக்கூடத்தில் சலத்தை அடக்கிவைத்துவிட்டு வீட்டுக்கு ஓடிவருவாள். இந்த வருடம் இரண்டு முறை தொற்று.
*தாய், நெல்லியடி*

காலை ஏழரைக்குப் போய்விட்டு, பகல் இரண்டு மணி வரைக்கும் சலத்தை அடக்கினால் கிருமிக்கு ஆறரை மணித்தியாலம் கிடைக்கிறது. வகுப்பாசிரியரிடம் நேரில் சொல்லுங்கள்: இடைவேளையில் கட்டாயம் ஒருமுறை, கேட்டால் பாட நேரத்திலும் விட வேண்டும். கழிப்பறையில் தண்ணீரோ கதவுக்குத் தாழ்ப்பாளோ இல்லாததால் பிள்ளை போகாமல் இருக்கலாம். அதைப் பிள்ளையிடம் பொறுமையாகக் கேட்டறிந்து அதிபரிடம் கொண்டுபோங்கள். வீட்டில் இரண்டு மூன்று மணித்தியாலத்துக்கு ஒருமுறை அனுப்புங்கள். உள்ளாடையை முழுக்க இறக்கி, காலை விரித்து, அவசரமின்றி இருக்கப் பழக்குங்கள்.

மலச்சிக்கல் இருக்கிறதா என்று பாருங்கள். தேங்கிய மலம் சலப்பையை அமுக்கி அதை முழுக்க வெறுமையாக விடாது. பப்பாசியும் கீரையும் தண்ணீரும் போதாவிட்டால் மருந்து கேளுங்கள். இரண்டு முறை வந்துவிட்டதால் வயிற்று ஸ்கான் பற்றியும் வைத்தியரிடம் கேட்பது நல்லது. சில பிள்ளைகளுக்குச் சலம் மேல்நோக்கித் திரும்பி ஓடும் குறை இருக்கும், அது சிறுநீரகத்தில் தழும்பை ஏற்படுத்தும். மூன்று மாதத்துக்குட்பட்ட குழந்தைக்குக் காய்ச்சலென்றால் காரணம் தேடிக்கொண்டிருக்காமல் உடனே வைத்தியசாலைக்குக் கொண்டுபோக வேண்டும்.

ஒரு வருடத்தில் நாலு முறை வந்துவிட்டது. நல்லூர்த் திருவிழா நாட்களில் கட்டாயம் வரும். வராமல் தடுக்க வழி? பார்லியும் நெருஞ்சில் கசாயமும் உதவுமா?
*52 வயது வாசகி, நல்லூர்*

25 நாளும் விரதம், வெயிலில் நிற்பது, கழிப்பறைக்குப் போகவேண்டி வருமே என்று தண்ணீரைக் குறைப்பது, இவை மூன்றும் சேர்ந்தால் வரத்தான் செய்யும். விரதத்திலும் தண்ணீரை விடாதீர்கள். நாளுக்கு ஒன்றரை லீற்றருக்கும் குறைவாகக் குடித்துவந்த, அடிக்கடி தொற்று வந்த 140 பெண்களை வைத்து நடத்திய ஓர் ஆய்வு 2018 இல் வெளியானது. ஒன்றரை லீற்றர் கூடுதலாகக் குடித்தவர்களுக்கு வருடத்தில் சராசரி 1.7 முறை வந்தது, மற்றவர்களுக்கு 3.2. தண்ணீருக்கு அவ்வளவு பலன்.

தாம்பத்திய உறவுக்குப் பின் சலம் போய்விட்டுப் படுங்கள். கழுவும்போது கை முன்னிருந்து பின்னாகவே போகட்டும், உள்ளே சவர்க்காரம் வேண்டாம். மாதவிடாய் நிற்கும் வயதென்பதால் ஈஸ்ரோஜன் என்ற பெண் ஹோர்மோன் குறைந்து அந்த இடத்துத் தோல் மெலிந்து, நல்ல கிருமிகள் குறைந்திருக்கலாம். அதற்கு உள்ளே பூசும் ஈஸ்ரோஜன் கிறீம் இருக்கிறது, நன்றாகவே பயன் தரும். கூச்சப்படாமல் கேளுங்கள். ஆறு மாதத்தில் இரண்டு அல்லது வருடத்தில் மூன்று என்றாலே சீனி, ஸ்கான் இரண்டையும் பார்க்க வேண்டும்.

பார்லித் தண்ணீர் நல்லது, சலத்தைக் கூட்டும், சீனி போடாமல் குடியுங்கள். கசாயமும் அந்தளவில்தான் உதவும், வந்த தொற்றைக் கொல்லும் என்று நம்பி நாட்களைக் கடத்தாதீர்கள். சிறுநீரக வருத்தம் உள்ளவர்களுக்கு இளநீரில் இருக்கும் பொட்டாசியம் ஆபத்து. அவர்களும் இருதயம் பலவீனமானவர்களும் கிளினிக்கில் சொன்ன அளவு தண்ணீரை மட்டும் குடிக்க வேண்டும்.