இந்தி பேசும் ரஷ்ய டாங்கி

அன்புள்ள சார்,

நாக்பூரில் வேலை பார்க்கிறேன். அறை நண்பர்கள் வெளிநாட்டுப் போர்ப்படங்களை இந்தி டப்பிங்கில் போட்டுக்கொண்டே இருப்பார்கள். போன ஞாயிறு ‘டி-34’ என்ற ரஷ்யப் படம். ஜெர்மன் முகாமில் அடைபட்ட டாங்கி வீரர்கள், சுடும் பயிற்சிக்கு இலக்காக ஓட்டக் கொடுத்த டாங்கியிலேயே தப்பி ஓடுகிறார்கள். எல்லோரும் கைதட்டினோம். அப்புறம்தான் உறுத்தியது. வேறொரு நாட்டின் தேசபக்திப் பிரச்சாரத்துக்கா கைதட்டினேன்?

கே., நாக்பூர்

அன்புள்ள கே.,

கைதட்டியதில் ஒரு தப்பும் இல்லை. இயக்குநர் அலெக்சி சிடோரோவுக்குச் சண்டை எடுக்கத் தெரியும். தொடக்கத்தில் 1941இல் ஒற்றை டாங்கி கிராமத்து வீடுகளுக்குப் பின்னால் பதுங்கிப் பதுங்கிச் சுடுமே, அதற்காகவே இன்னொரு தடவை பார்க்கலாம்.

ஆனால் இதே கதையைச் சோவியத் காலத்திலேயே, 1964இல், லெனின்கிராடில் எடுத்துவிட்டார்கள். பெயர் ‘வானம்பாடி’. அதே கைதிகள், அதே இலக்கு டாங்கி. அந்த டாங்கியில் குண்டு கிடையாது, ஓட மட்டும்தான் முடியும். வழியில் நிற்கும் ஒரு ஜெர்மன் குழந்தையைத் தூக்கி ஓரமாக விட இறங்கும் நாயகனைச் சுட்டுக் கொன்றுவிடுகிறார்கள். நீங்கள் பார்த்த 2018 ‘டி-34’ படத்தில் நாயகனுக்குச் சுடக் குண்டும் கிடைக்கிறது, காதலியும் கிடைக்கிறாள், வில்லனோடு கைகுலுக்கல்கூட உண்டு. போரை நேரில் பார்த்த தலைமுறைக்கு இந்த முடிவு செல்லுபடியாகியிருக்காது.

பிரச்சாரம் எங்கே என்று கேட்டால், படம் முடிகிற இடத்தைக் காட்டுவேன். தப்பித்தார்கள், சரி. எங்கே போவார்கள்? 1941 ஆகஸ்டில் ஸ்டாலின் போட்ட 270ஆம் எண் ஆணைப்படி, சரணடையும் அதிகாரியின் குடும்பத்தையே கைது செய்யலாம். சிப்பாயின் குடும்பத்துக்கு அரசு உதவி நின்றுபோகும். ஜெர்மானியரிடம் சிக்கிய சோவியத் வீரர்கள் சுமார் 57 லட்சம் பேர். அதில் 30 லட்சத்துக்கு மேற்பட்டோர் சிறையிலேயே செத்தார்கள், பெரும்பாலும் பட்டினியால். மிஞ்சித் திரும்பியவர்களைச் சொந்த அரசு விசாரணை முகாம்களில் வைத்துத் துருவியது. பலரை வீட்டுக்கு விட்டார்கள். மற்றவர்கள் திரும்பவும் படைக்கோ தொழிலாளர் பட்டாளத்துக்கோ போனார்கள், ஒரு பகுதியினர் கட்டாய உழைப்பு முகாமுக்கு. நம் நாயகனும் ஓர் அதிகாரிதான். பூவும் புல்வெளியுமாகப் படம் முடிந்துவிடுவதால் அவனை யாரும் எதுவும் கேட்பதில்லை.

ரஷ்யாவில் இதைப் பார்ப்பவர்களில் பலருக்குப் போருக்குப் போன தாத்தா உண்டு. அவர் சொன்னதையும் சொல்லாமல் விழுங்கியதையும் வைத்துப் படத்தோடு மனதுக்குள்ளாவது சண்டை போடலாம். டப்பிங்கில் படம் மட்டும்தானே வருகிறது, தாத்தா வரமாட்டாரே! உங்கள் நண்பர்கள் ரஷ்ய தேசபக்தர்களாகிவிடுவார்கள் என்ற பயமெல்லாம் எனக்கு இல்லை. அவர்களுக்கு இது நல்லவன், கெட்டவன், டாங்கி. எனக்கு வருத்தம், அந்தக் கைதிகளின் கதை இவ்வளவுதான் என்று அவர்கள் நினைத்துக்கொள்வதில்தான்.

‘வானம்பாடி’யைச் சப்டைட்டிலோடு தேடிப் பாருங்கள். கறுப்பு வெள்ளைப் படம். நண்பர்களையும் உட்கார வைப்பதானால், டி-34 பார்த்த சூடு கொஞ்சம் ஆறட்டும். இல்லையென்றால் பாதியில் எழுந்து போய்விடுவார்கள்.