சுயாதீன இயக்குநர் என்றால் யார்? ஆவணப்படத்தில் சோதனை செய்ய என்ன இருக்கிறது?

தயாரிப்பு நிறுவனத்தின் பணமோ உத்தரவோ இல்லாமல், தன் படத்தைத் தானே தீர்மானிப்பவர்தான் சுயாதீன இயக்குநர். காரணம் எளிது: பணம் போடுபவர் வசூலைப் பார்ப்பார், அதற்குக் கதை, நட்சத்திரம், இரண்டரை மணி நேரம் எல்லாம் வேண்டும். செலவு குறைந்தால் இந்தக் கட்டாயங்களும் போய்விடும். கல்யாணப் பந்திக்குச் சமைப்பவர் ஐந்நூறு பேர் நாக்கை நினைக்க வேண்டும். வீட்டில் தனக்காகச் சமைப்பவர் புளிக்குப் பதில் மாங்காய் போட்டுப் பார்க்கலாம்.

ஜோனஸ் மேகஸ் என்ற இயக்குநர் நல்ல உதாரணம். லித்துவேனியாவிலிருந்து அகதியாக 1949இல் நியூயார்க் வந்தவர், சீக்கிரமே ஒரு போலெக்ஸ் கேமரா வாங்கினார். பழைய கடிகாரம் மாதிரி சாவி கொடுக்க வேண்டும். ஒரு முறை கொடுத்தால் அரை நிமிடம்கூட ஓடாது. அதை வைத்தே நண்பர்கள், பனி, கல்யாணம் என்று வருடக்கணக்கில் எடுத்தார். சில இடங்களில் பொத்தானைத் தட்டித் தட்டி ஒவ்வொரு ஃபிரேமாக, அதாவது ஒற்றை ஒற்றைப் படமாக எடுத்ததால் காட்சி படபடக்கும், நினைவு வந்து போவது போல. எடுத்தது நிஜம், அதனால் ஆவணம். காட்டிய விதம் புதிது, அதனால் சோதனை. 1962இல் இப்படிப்பட்ட படங்களை விநியோகிக்க நண்பர்களோடு ஒரு கூட்டுறவு அமைப்பும் தொடங்கினார். (அது இல்லையென்றால் படம் பெட்டிக்குள்ளேயே தூங்கும்.)

அப்புறம், “சோதனைப் படம் என்றால் புரியாத படம்” என்பார்கள். மேகஸ் படத்தில் பனி பெய்கிறது, குழந்தை சிரிக்கிறது. கதை இல்லை, அவ்வளவுதான்.