சின்ன உதவியால் என்ன ஆகிவிடப் போகிறது?

பெரிதாகச் செய்ய வசதியில்லை, சின்னதாகச் செய்து என்ன பயன் என்று கேட்டிருக்கிறீர்கள். நிறையவே இருக்கிறது. 2011 டிசம்பர் 30 அன்று தானே புயல் கடலூருக்கும் புதுச்சேரிக்கும் நடுவே கரையைக் கடந்தபோது, எங்கள் பக்கம் நாள்கணக்கில் கரண்ட் இல்லை. ஜெனரேட்டர் வைத்திருந்த ஒரு அக்கா மோட்டாரைப் போட்டு, ஹோஸ் பைப்பைக் காம்பவுண்டுக்கு வெளியே நீட்டிவிட்டார். தெருவே குடம் குடமாகப் பிடித்தது. அவருக்குச் செலவு கொஞ்சம் டீசல்தான். கைக்குழந்தை வைத்திருந்தவர்கள் இன்றும் அதைச் சொல்லிச் சொல்லி மாய்கிறார்கள். கொடுப்பவர் தன் உதவியை எப்போதும் குறைவாகவே எடைபோடுகிறார்.

வடலூரில் வள்ளலார் 1867-இல் தொடங்கிய தருமசாலையின் அடுப்பு இன்னும் அணையவில்லை, யார் யாரோ தருகிற அரிசியில்தான்.

சரி, எங்கே தொடங்குவது? பஸ் ஸ்டாண்டில் போர்டு படிக்கத் தெரியாமல் நிற்பவரிடம் “எந்த ஊருக்குப் போகணும் ஆயா?” என்று கேளுங்கள். பஸ் ஏற்றிவிட்டு வாருங்கள்.