அதீனா கோயில் பூசாரிக்குப் பிள்ளைகள் இருக்கலாமா?

கேள்வி: எங்கள் கல்லூரி நாடகக் குழுவுக்காக, கி.மு. 424-இல் ஏதென்ஸில் நடப்பதாக ஒரு நாடகம் எழுதியிருக்கிறேன். நாயகி அதீனா கோயிலின் பெண் பூசாரி; கல்யாணமாகி இரண்டு பிள்ளைகள். கட்டணம் வாங்கிக்கொண்டு ‘வரலாற்றுச் சரிபார்ப்பு’ செய்து தருபவர் ஒருவரிடம் பிரதியைக் கொடுத்தேன். “கிரேக்கப் பெண் பூசாரிகள் ஆயுசு முழுக்கக் கன்னிகள், பிள்ளைகளை எடுத்துவிடுங்கள்” என்கிறார். இன்னொருவர், “அங்கே கோயில் பெண்கள் எல்லாம் பொதுமகளிர்தான்” என்கிறார். பிரதியை மாற்ற வேண்டுமா? அவளுக்குச் சம்பளம் உண்டா? கோயிலில் அவள் என்னதான் செய்தாள்?

பதில்: பிள்ளைகளை எடுக்காதீர்கள். நாயகி எழுதியபடியே இருக்கட்டும். இரண்டு பேர் சொன்னதும் தவறு. இரண்டுமே அடிக்கடி விற்பனைக்கு வரும் தவறுகள் என்பதால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

முதல் ஆள் சொன்னது ரோம் நகரத்துச் சங்கதி. ரோமில் வெஸ்டா என்ற அடுப்புத் தெய்வத்துக்கு ஆறு கன்னிகள் இருந்தார்கள். 6 வயதுக்கும் 10 வயதுக்கும் நடுவில் தேர்ந்தெடுக்கப்பட்டு 30 ஆண்டுகள் கன்னியாகவே பணி செய்ய வேண்டும். அந்த விதியைத் தூக்கி ஏதென்ஸில் வைத்துவிட்டார். கிரேக்கம் எது, ரோம் எது என்று பிரித்துப் பார்க்காதவர் பிறருடைய பிரதியைத் திருத்தக் காசு வாங்குகிறார் என்பது எனக்குக் கோபத்தையே தருகிறது.

ஏதென்ஸில் அதீனா பூசாரிகளில் நாம் நன்றாக அறிந்தவர் லைசிமாக்கி. 64 ஆண்டுகள் அதீனாவுக்குப் பணி செய்தவர் என்று ரோமானிய எழுத்தாளர் பிளினி குறிப்பிடுகிறார். ஏதென்ஸின் கோட்டைக் குன்றான அக்ரோபோலிஸில் கிடைத்த சிலைப் பீடம் ஒன்றின் எழுத்துகளும் இவரைப் பற்றியவை என்றே அறிஞர்கள் கொள்கிறார்கள். வாழ்ந்தது 88 வயது, பணி 64 ஆண்டு, கண்ணால் கண்டது நான்கு தலைமுறைப் பிள்ளைகளை என்கிறது அது. கணக்குப் போட்டுப் பாருங்கள்: 88-இல் 64 போனால் 24. கடைசி மூச்சுவரை பதவியில் இருந்தார் என்று வைத்துக்கொண்டால் 24 வயதில் பூசாரி ஆகியிருக்கிறார். ஏதென்ஸில் பெண்களுக்குப் பதினைந்து வயதை ஒட்டியே கல்யாணம் முடிந்துவிடும். ஆக, கல்யாணமான பெண், தாய், பாட்டி, கொள்ளுப்பாட்டி. இதைவிட நேரடியான சான்று உங்கள் நாயகிக்குத் தேவையில்லை.

இப்போது நீங்கள் முடிவு செய்ய வேண்டிய ஒன்று இருக்கிறது: எந்த அதீனா? அக்ரோபோலிஸ் குன்றின் மேலேயே, நகரக் காவல் தெய்வமான அதீனா போலியாஸுக்கு ஒரு பூசாரி, வெற்றியின் தெய்வமான அதீனா நைக்கிக்கு வேறொரு பூசாரி. போலியாஸ் பதவி எட்டியோபூட்டாட் என்ற ஒரே குலத்துக்கு உரியது. அந்தக் குலத்துப் பெண்ணைத் தவிர வேறு யாரும் கனவிலும் நினைக்க முடியாது. நைக்கி பதவி அப்படியல்ல. ஏதென்ஸ் குடியுரிமைக் குடும்பத்துப் பெண்கள் எல்லோருக்கும் பொதுவாகக் குடவோலை எடுப்பதுபோல் திருவுளச்சீட்டில் தேர்ந்தெடுத்தார்கள். இதைச் சொல்வது நகர மன்றம் கல்லில் வெட்டிய தீர்மானம். அப்படிச் சீட்டில் வந்த முதல் பூசாரி மிர்ரினி என்பதை அவருடைய கல்லறைக் கல்லே சொல்கிறது.

உங்கள் நாயகி சாதாரணக் குடும்பத்துப் பெண் என்று எழுதியிருந்தால் நைக்கி பூசாரியாக வையுங்கள். ஆண்டும் தோதாக அமைந்துவிட்டது. அதே தீர்மானம் சம்பளத்தையும் சொல்கிறது: ஆண்டுக்கு 50 டிராக்மா, அத்துடன் ஊர்ப் பொதுச்செலவில் பலியிடும் விலங்குகளின் கால்களும் தோல்களும். கி.மு. 424/3-இல், அதாவது உங்கள் நாடக ஆண்டிலேயே, இன்னொரு தீர்மானம் போட்டு அந்த 50 டிராக்மாவை தார்கெலியோன் மாதத்தில் கருவூல அதிகாரிகள் கொடுக்க வேண்டும் என்று நாள் குறித்தார்கள். தார்கெலியோன் என்பது நம் மே-ஜூன். அந்தக் காலத்துக் கட்டடக் கூலி நாளுக்கு ஒரு டிராக்மா. எனவே 50 டிராக்மாவை ஒரு கொத்தனாரின் 50 நாள் கூலியாக எண்ணுங்கள். வருஷம் முழுக்கக் குடும்பம் நடத்தப் போதாது; தோலை விற்கும் காசும் சேர்ந்தால்தான் சொல்லிக்கொள்ளும் வருமானம். “அவள் தங்கத்தில் புரண்டாள்” என்பது போன்ற வசனம் இருந்தால் அடித்துவிடுங்கள்.

அரசியல் காட்சிகள் வேண்டுமென்றால் போலியாஸ் பூசாரிதான் வாகு. கி.மு. 508-இல் ஸ்பார்ட்டா அரசன் கிளியோமெனிஸ் அக்ரோபோலிஸைப் பிடித்துக்கொண்டு கருவறைக்குள் நுழையப் போனபோது, பூசாரி ஆசனத்தை விட்டு எழுந்து, “அந்நியனே, திரும்பிப் போ, டோரியருக்கு இங்கே நுழைய முறையில்லை” என்று தடுத்ததாகக் கிரேக்க வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸ் எழுதுகிறார். (டோரியர் என்பது ஸ்பார்ட்டாக்காரர்களின் இனம்.) கி.மு. 480-இல் பாரசீகப் படை நெருங்கியபோது, கோயில் பாம்புக்கு மாதாமாதம் வைக்கும் தேன் அப்பம் தொடப்படாமல் கிடக்கிறது என்று அறிவித்ததும் பூசாரிதான். தெய்வமே ஊரை விட்டுப் போய்விட்டது என்று மக்கள் இன்னும் வேகமாக ஊரைக் காலி செய்தார்கள். வீட்டில் ஆண் காப்பாளர் இல்லாமல் ஒரு மூட்டைத் தானியத்துக்கு மேல் பேரம் பேச உரிமை இல்லாத பெண்கள் வாழ்ந்த அதே ஊரில் இது நடந்தது. நம் பாடப்புத்தகங்களில் “கிரேக்கப் பெண்களுக்குப் பொதுவாழ்வு இல்லை” என்று ஒரு வரி இருக்கும். மாணவர் அதை அப்படியே எழுதினால் முழு மதிப்பெண். எத்தனை பாடத்திட்டம் மாறினாலும் அந்த வரி மட்டும் அசைவதில்லை. பூசாரிகளின் கணக்கையும் ஊர் தணிக்கை செய்தது, ஆண் பெண் இருவருக்கும் அது பொருந்தும் என்று நீதிமன்றப் பேச்சில் ஏதென்ஸ் பேச்சாளர் ஈஸ்கினிஸ் வெளிப்படையாகச் சொல்கிறார். தணிக்கை ஒருவரைச் சந்தேகிப்பதற்கு மட்டுமல்ல. பொறுப்புள்ள பதவி என்பதற்கு அதுவே அத்தாட்சி.

போலியாஸ் பூசாரிக்கு இரண்டு நுணுக்கங்கள் உண்டு, மேடையில் நன்றாக எடுபடும். அவர் உள்ளூர்ப் புதுப் பாலாடைக்கட்டியைத் தொடமாட்டார், வெளியூர்க் கட்டி என்றால் சாப்பிடலாம் என்கிறார் பண்டைப் புவியியல் எழுத்தாளர் ஸ்ட்ராபோ. மற்றொன்று, கி.மு. 6-ஆம் நூற்றாண்டில் கொடுங்கோலன் ஹிப்பியாஸ் விதித்ததாகச் சொல்லப்படும் வரி: வீட்டில் யாராவது பிறந்தாலோ இறந்தாலோ ஒரு கொய்னிக்ஸ் வாற்கோதுமை, ஒரு கொய்னிக்ஸ் கோதுமை, ஒரு ஓபல் காசு அதீனா பூசாரிக்குச் சேர வேண்டும். கொய்னிக்ஸ் என்பது ஏறத்தாழ ஒரு லிட்டர்ப் படி. ஆறு ஓபல் ஒரு டிராக்மா.

வேலைக்கு வருவோம். பலிபீடம் கோயிலுக்குள் இல்லை, வெளியே திறந்தவெளியில், பெரும்பாலும் கிழக்கு வாசலுக்கு எதிரே. உள்ளே சிலையும் காணிக்கைப் பொருள்களும் மட்டும். மேடை நாடகங்களில் எப்போதும் பிசகுவது இங்கேதான்: கருவறைக்குள் தீ மூட்டி, கூட்டத்தையும் உள்ளே நிறுத்திவிடுகிறார்கள். சரியான வரிசை இது. ஊர்வலத்தில் முன்னே ஒரு கன்னிப்பெண் தலையில் கூடை சுமந்து வருவாள்; கூடையில் வாற்கோதுமை, அதற்கடியில் மறைவாகக் கத்தி. எல்லோரும் பீடத்தைச் சுற்றி நின்று கைகழுவுவார்கள். விலங்கின் தலையில் தண்ணீர் தெளித்து, வாற்கோதுமை தூவி, பூசாரி பிரார்த்தனையைச் சொல்வார். நெற்றி மயிரில் கொஞ்சம் வெட்டித் தீயில் போடுவார்கள். கழுத்தை அறுக்கும் நொடியில் பெண்கள் குலவையிடுவார்கள். அந்த ஒலி இல்லாமல் காட்சி நிறையாது. தொடையெலும்பைக் கொழுப்பில் சுற்றித் தெய்வத்துக்கு எரிப்பார்கள். ஈரல், இதயம் போன்றவை கம்பியில் வாட்டி முதலில் சுவைக்க. மீதி இறைச்சி வெந்து பங்காகும், பூசாரியின் பங்கு தனியே போகும். கத்தி பிடிப்பது வழக்கமாக ஆண் உதவியாள். நாயகி கையில் இரத்தம் சொட்டும் கத்தியைக் கொடுக்காதீர்கள்.

வேலை முடிந்தால் பூசாரி பொதுவாக வீட்டுக்குப் போவார். கோயிலுக்குள்ளேயே அடைபட்டுக் கிடக்கும் பெண் என்று காட்ட வேண்டாம்.

இரண்டாம் ஆள் சொன்ன பொதுமகளிர் கதைக்கு வேர், ஸ்ட்ராபோ கொரிந்து நகரத்து அஃப்ரோடைட்டி கோயிலைப் பற்றி எழுதிய ஒரு பகுதி: அந்தக் கோயிலுக்கு ஆயிரத்துக்கும் மேற்பட்ட கணிகையர் இருந்தார்களாம். அவர் பேசுவது தன் காலத்தைப் பற்றியல்ல. பழைய கொரிந்தை ரோமானியர் கி.மு. 146-இலேயே தரைமட்டமாக்கிவிட்டார்கள், ஸ்ட்ராபோ எழுதியது அதற்கு நூறாண்டுக்கும் பின்னால். அந்தப் பெண்களைப் பூசாரிகள் என்றும் அவர் சொல்லவில்லை. இந்த ஒரு பகுதியை வைத்துக் கிரேக்கத்தின் எல்லாக் கோயில்களையும் தூற்றுகிறார்கள்.

கொரிந்துக்குப் பக்கத்து ஊரான சிசியோனில், அதே அஃப்ரோடைட்டிக்கு என்ன நடந்தது என்று யாரும் சொல்வதில்லை. கி.பி. 2-ஆம் நூற்றாண்டில் அங்கே போன கிரேக்கப் பயண எழுத்தாளர் பௌசானியஸ் எழுதிவைத்திருக்கிறார். கோயிலுக்குள் இரண்டே பெண்கள்தான் நுழையலாம். ஒருத்தி கோயிலைப் பராமரிப்பவள். பொறுப்பேற்ற பிறகு ஆண் தொடர்பே கூடாது. இன்னொருத்தி தண்ணீர் சுமக்கும் கன்னிப்பெண். பதவி ஒரே ஆண்டு. மற்றவர்கள் வாசலில் நின்றபடியே தெய்வத்தைப் பார்த்துக் கும்பிட்டுவிட்டுப் போக வேண்டும். உள்ளே பொன்னும் தந்தமுமாக அமர்ந்த சிலை, ஒரு கையில் கசகசாக் காய், மறு கையில் ஆப்பிள். பன்றி தவிர மற்ற விலங்குகளின் தொடையைப் படைப்பார்கள். காமத்தின் தெய்வம் என்று நாம் படித்த அஃப்ரோடைட்டியின் கோயிலிலேயே இவ்வளவு கட்டுப்பாடு! ஆகவே கன்னிமை விதி கிரேக்கத்தில் அறவே இல்லை என்றும் சொல்லிவிடாதீர்கள். இருந்தது, குறிப்பிட்ட ஊரில், குறிப்பிட்ட கோயிலில், பெரும்பாலும் குறிப்பிட்ட காலத்துக்கு. சிசியோனில் ஒரே கோயிலுக்குள்ளேயே ஒருத்திக்கு ஒரு விதி, மற்றவளுக்கு வேறு விதி. அதைக் கொண்டுவந்து ஏதென்ஸ் அதீனாவுக்குப் பூட்டக் கூடாது.

டெல்ஃபியின் குறிசொல்லியையும் கலக்க வேண்டாம். அவர் அப்பல்லோவுக்கு உரியவர், தெய்வம் ஆண், விதிகளும் வேறு.

பிரதியை யாரிடமாவது காட்டுவதாக இருந்தால், பணம் கொடுக்கும் முன் மூன்று விவரம் கேளுங்கள்: எந்தத் தெய்வம், எந்த ஊர், எந்த நூற்றாண்டு. “கிரேக்கத்தில் பொதுவாக” என்று பதில் ஆரம்பித்தால் அங்கேயே நிறுத்திவிடுங்கள். எந்தக் கல்வெட்டு, எந்தப் பண்டை ஆசிரியர் என்று வரியோடு காட்டாதவரின் ‘சான்றிதழ்’ காகிதம்கூடப் பெறாது. ‘தலைமைப் பூசாரிணிப் பயிற்சி’, ‘அறுபடாத குருபரம்பரை’ என்று இணைய வகுப்பு விற்பவர்களும் இப்போது பெருகியிருக்கிறார்கள். ரோமப் பேரரசன் தியோடோசியஸ் கி.பி. 391, 392-இல் போட்ட ஆணைகளோடு பழைய பலிகளும் கோயில் வழிபாடும் தடைசெய்யப்பட்டன. அறுபடாத பரம்பரை என்று ஒன்று கிடையாது. ஒலிம்பிக் சுடர் ஏற்றும் படங்களைப் பார்த்து உடை தைக்கிறார்கள் சிலர். அந்தச் சடங்கு 1936-இல் தொடங்கியது, அதில் வருபவர்கள் நடிகைகள்.

நான் மேலே சொன்ன நைக்கி தீர்மானங்கள் இரண்டும் ‘அட்டிக் இன்ஸ்கிரிப்ஷன்ஸ் ஆன்லைன்’ தளத்தில் ஆங்கில மொழிபெயர்ப்போடு இலவசமாகக் கிடைக்கின்றன. ஹெரோடோட்டஸ், துசிடிடீஸ், பௌசானியஸ் மூவரும் ‘பெர்சியஸ்’ தளத்தில் இலவசம். ஒரு மாணவி ஒரு மாலையில் படித்துவிடக்கூடியதைத் தேடிப் பார்க்க எந்த வகுப்பும் சொல்லித்தருவதில்லை. அந்த இடைவெளியில்தான் இந்தத் தரகர்கள் பிழைக்கிறார்கள்.

கடைசியாக, பிரதியில் ஒரு இடத்தைச் சரிபாருங்கள். ஆர்கோஸ் நகரத்து ஹீரா கோயில் தீ விபத்தை எந்தப் பாத்திரமாவது பேசுகிறதா? 56 ஆண்டுகளுக்கு மேல் அங்கே பூசாரியாக இருந்த கிரைசிஸ், மாலைகளுக்குப் பக்கத்தில் விளக்கை ஏற்றிவைத்துவிட்டுத் தூங்கிப்போனார். கோயில் முழுக்க எரிந்தது. ஆர்கோஸ்காரர்களுக்குப் பயந்து அன்றிரவே ஃபிலியஸ் ஊருக்கு ஓடிவிட்டார், ஊரார் ஃபைனிஸ் என்ற பெண்ணைப் பூசாரியாக்கினார்கள். எழுத ஆசை வரும் சம்பவம்தான். ஆனால் அது நடந்தது கி.மு. 423-இல், உங்கள் கதைக்கு அடுத்த ஆண்டு.

உடையோடு ஒரு சாவியும் வேண்டும். கிரேக்கச் சிற்பிகள் பெண் பூசாரியை அடையாளம் காட்டியதே கோயில் சாவியை வைத்துத்தான். இடுப்பில் தொங்கும் சின்னச் சாவி அல்ல. இரண்டு இடத்தில் செங்கோணமாக வளைத்த நீண்ட கம்பி. லூசோய் ஆர்ட்டெமிஸ் கோயிலின் வெண்கலச் சாவி பாஸ்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது, நீளம் சுமார் 40 சென்டிமீட்டர். அந்த அளவில் கம்பியை வளைத்து வெண்கல வண்ணம் பூசி, நாயகியின் கையிலோ தோளிலோ கொடுங்கள்.