கோழிக்கொண்டை சின்னதாகவே நின்றுவிடுகிறதா? நாற்றைப் பாருங்கள்

கேள்வி: குழித்தட்டில் கோழிக்கொண்டை விதை போட்டு, 45 நாள் கழித்துத் தொட்டிக்கு மாற்றினேன். செடி ஒரு சாண் உயரம்கூட வரவில்லை. அதற்குள் கட்டைவிரல் அளவுக்குக் கொண்டை வைத்து அப்படியே நின்றுவிட்டது. நாலைந்து செடிகள் அடித்தண்டு அழுகிச் சாய்ந்தன. மாலையில் கட்டும் பூவைப் போல உள்ளங்கை அகலத்துக்கு வர என்ன உரம் போடலாம்?

பதில்: உரத்தால் இது சரியாகாது. கொண்டை எவ்வளவு பெரிதாகும் என்பது பெரும்பாலும் நாற்றுப் பருவத்திலேயே முடிவாகிவிடுகிறது. நீங்கள் சொன்னதில் கோளாறு அந்த 45 நாளில்தான் இருக்கிறது.

கோழிக்கொண்டையின் நுனிக்குருத்து மற்ற செடிகளைப் போல ஒரே புள்ளியில் வளராமல் பட்டையாகப் பக்கவாட்டில் விரிந்துகொண்டே போகும். அந்த விரிவுதான் மடிப்பு மடிப்பான கொண்டை. அதற்கு வேண்டிய வேரையும் இலையையும் செடி முன்பே சேர்த்திருக்க வேண்டும். குழிக்குள் வேர் இடமில்லாமல் சுற்றிக்கொண்டாலோ, தண்ணீரில்லாமல் நாற்று ஓரிரு முறை வாடி எழுந்தாலோ, வளர்ச்சியை விட்டுவிட்டு அவசரமாகப் பூவுக்குத் திரும்பிவிடும். அப்புறம் பெரிய தொட்டிக்கு மாற்றியும் பயனில்லை. உச்சியைக் கிள்ளினால் பக்கக் கிளைகளில் சின்னச் சின்னக் கொண்டைகள் வரும், அவ்வளவுதான். இப்போதுள்ள செடிகளுக்கு மெனக்கெடாமல் புதிதாக விதைப்பதே மேல்.

அதற்கு முன் விதைப் பொட்டலத்தையும் பார்த்துவிடுங்கள். குட்டை ரகங்கள் இயல்பாகவே 20 முதல் 30 செ.மீ. உயரத்தில் நின்றுவிடும். மாலைக்கும் வெட்டுப்பூவுக்கும் 60 செ.மீ.க்கு மேல் வளரும் நெட்டை ரகம் வேண்டும்.

விதை மிகச் சிறியது. ஒரு கிராமில் ஆயிரத்துக்கு மேல் இருக்கும். பொடிமணலோடு கலந்து தூவினால் ஒரே இடத்தில் குவியாது. மக்கிய தென்னை நார்க்கழிவில் குழிக்கு இரண்டு விதை போட்டு, மேலே மெல்லிய பூச்சாக மட்டும் மூடுங்கள். ஆழம் போனால் முளைக்காது. ஒரு வாரம், பத்து நாளில் முளைத்துவிடும். குழிக்கு ஒரு நாற்றை விட்டு மற்றதைக் கத்தரியுங்கள். பிடுங்கினால் பக்கத்து வேரும் அசையும். முளைத்ததும் நல்ல வெளிச்சம் கிடைக்க வேண்டும். நிழலில் நீண்ட நாற்று பின்னால் கொண்டையின் எடையைத் தாங்காது.

விதைத்த 3 முதல் 4 வாரத்துக்குள், 4 அல்லது 5 இலை வந்ததுமே மாற்றிவிடுங்கள். சந்தேகமிருந்தால் ஒரு நாற்றை உருவிப் பாருங்கள். நார்க்கழிவு உதிராமல் பிடித்துக்கொள்ளும் அளவுக்கு வெள்ளை வேர் இருந்தால் சரியான பதம். வேர் அடியில் வளையம் போட்டுப் பழுப்பேறியிருந்தால் காலம் கடந்துவிட்டது. நுனியில் வெல்வெட் போலச் சின்னத் திரட்சி தெரியும் நாற்றை நடவே வேண்டாம்.

12 அங்குலத் தொட்டிக்கு ஒரு செடி போதும். தரையில் செடிக்குச் செடி ஓர் அடி விடுங்கள். செம்மண் இரண்டு பங்கு, மக்கிய தொழுவுரம் ஒரு பங்கு, மணல் ஒரு பங்கு, தொட்டிக்கு ஒரு கைப்பிடி வேப்பம் பிண்ணாக்கு. நாளுக்கு ஆறு மணி நேர வெயிலாவது வேண்டும். புளிக்கவைத்த கடலைப் பிண்ணாக்குக் கரைசலைப் பத்து மடங்கு தண்ணீரில் கலந்து 15 நாளுக்கு ஒருமுறை ஊற்றலாம். கொண்டை தெரிந்ததும் நிறுத்திவிடுங்கள். தழைச்சத்து மிஞ்சினால் இலை பெருத்து, தண்டு சாயும். ஒற்றைப் பெருங்கொண்டைக்கு நுனியைக் கிள்ளாமல், பக்கக் கிளைகளை மட்டும் சிறிதாக இருக்கும்போதே எடுத்துவிட்டு, ஒரு குச்சி நட்டுத் தளர்வாகக் கட்டுங்கள்.

அடித்தண்டு அழுகல் பூஞ்சையால் வருவது. நெருக்கமாக நிற்கும் நாற்றும், சாயங்காலத் தண்ணீரும், தண்டைப் புதைத்து நடுவதும் அதற்கு இடம் கொடுக்கின்றன. குழியில் மண் எந்த மட்டத்தில் இருந்ததோ அதே மட்டத்தில் நடுங்கள். காலையில் அடியில் மட்டும் ஊற்றுங்கள். மேல்மண் காய்ந்த பிறகே அடுத்த தண்ணீர். நடும்போது சூடோமோனாஸ் (பூஞ்சையை அடக்கும் நன்மை பாக்டீரியா) பொடியை லிட்டருக்கு 10 கிராம் கரைத்து வேர்ப்பகுதியில் ஊற்றலாம். சாய்ந்த செடியை மண்ணோடு அகற்றிவிடுங்கள். அந்த மண்ணை மறுபடி தொட்டியில் போட வேண்டாம். பிடுங்கிய வேரில் சின்னச் சின்ன முடிச்சு தெரிந்தால் அது நூற்புழு. தக்காளி, கத்தரி, வெண்டை வளர்த்த பழைய மண்ணில் இது அதிகம் வரும்.

வெயில் காலத்தில் இலையின் மேல் வெளிறிய புள்ளிகள் தெரிந்தால் இலையைத் திருப்பிப் பாருங்கள். அடியில் செஞ்சிலந்தி இருக்கும். தண்ணீரை விசையாக இலையடியில் பீய்ச்சினாலே பெரும்பகுதி போய்விடும். மிச்சத்துக்கு லிட்டருக்கு 5 மி.லி. வேப்பெண்ணெய், கொஞ்சம் காதி சோப்புக் கரைசல் சேர்த்து மாலையில் தெளிக்கலாம். கொண்டை மேல் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள், கறை நிற்கும்.

ஆயுத பூஜை, தீபாவளிக்குப் பூ வேண்டுமென்றால் ஜூலை தொடக்கத்தில் விதைக்கலாம். விதைத்து ஏறக்குறைய மூன்று மாதத்தில் கொண்டை நிறைந்துவிடும். ஐப்பசி மழையில் மடிப்புக்குள் தண்ணீர் தங்கி உள்ளிருந்து கறுக்கும். தொட்டியாக இருந்தால் மழை நாளில் கூரையடிக்கு நகர்த்துங்கள். தரையில் நிற்பதை மழைக்கு முன்பே வெட்டிவிடுவது நல்லது. இலைகளை நீக்கி, இருட்டான காற்றோட்டமுள்ள இடத்தில் தலைகீழாக 2 அல்லது 3 வாரம் தொங்கவிட்டால் நிறம் குன்றாமல் உலரும்.

விதை கொண்டையின் உச்சியில் இருக்காது. வெல்வெட் விளிம்புக்குக் கீழே, இரு பக்கச் சரிவிலும் நெருங்கியிருக்கும் சிறுபூக்களில்தான் பளபளப்பான கறுப்பு விதை முற்றும். தாள் மேல் பிடித்து லேசாகத் தட்டினால் உதிரும். சிவப்பும் மஞ்சளும் அருகருகே நின்றால் கலந்துவிடும் என்பதால், விதைக்கென்று விடும் செடியைத் தனியே, மிகப் பெரிய ஒற்றைக் கொண்டை வைத்ததாகப் பார்த்து ஒதுக்குங்கள்.