சைகோனைச் சுத்தி ஒரு வருஷ காவல்

கேள்வி: வியட்நாம் போர்ல தெற்கு வியட்நாமோட தலைநகரான சைகோன் நகரத்தையே அமெரிக்கா எப்படி சார் காவல் காத்துச்சு? (மதுரை வாசகர்)

பதில்: ஆபரேஷன் ஃபேர்ஃபேக்ஸ்னு பேரு, 1966 நவம்பர் கடைசில ஆரம்பிச்சது. 1967 ஜனவரில அமெரிக்காவோட 199-வது இன்ஃபன்ட்ரி பிரிகேட் (காலாட்படைப் பிரிவு) பொறுப்பெடுத்து, தெற்கு வியட்நாம் ரேஞ்சர் படையோட ஜோடி சேர்ந்து, சைகோனைச் சுத்தின ஜியா டின் மாகாணத்துல ராத்திரி முழுக்க வயல் வரப்புல பதுங்கியிருக்கிறது, விடியறதுக்குள்ள கிராமத்தை வளைச்சு வீடுவீடா சோதனை போடறதுன்னு ஓட்டுனாங்க. கெரில்லா யாரு விவசாயி யாருன்னே தெரியாத இடம், தூக்கம் கெட்டு நின்ன கிராமத்து ஜனங்களை நெனச்சா எனக்கு இன்னமும் மனசு கனக்குது. டிசம்பர்ல பொறுப்பை ரேஞ்சர்கள்கிட்ட குடுத்தாங்க, அடுத்த மாசக் கடைசிலயே டெட் தாக்குதல் (வியட்நாம் புத்தாண்டு சமயத்துல கம்யூனிஸ்ட் படைகள் நடத்துன பெரிய தாக்குதல்), சைகோனுக்குள்ளயே சண்டை, அதே பிரிகேட்ல ஒரு பகுதி அங்க இருந்த ஃபூ தோ ரேஸ்கோர்ஸை அவங்ககிட்ட இருந்து மீட்கத் திரும்ப ஓடிவந்துச்சு.